நட்சத்திரத்துக்கு எப்போது வயதாகிறது? சந்திரசேகர் கண்டுபிடித்த ‘இன்னொரு எல்லை’!

சுப்ரமணியன் சந்திரசேகர் என்றதும் பலருக்கும் ஞாபகம் வருவது, சூரியனைப்போல 1.4 மடங்கு நிறை என்ற ‘சந்திரசேகர் எல்லை’தான். அது எரிந்து முடிந்த நட்சத்திரங்களுக்கான கணக்கு. அவர் பெயரில் இன்னொரு எல்லையும் இருக்கு. நட்சத்திரம் நடுத்தர வயதைத் தாண்டும் கட்டத்தைப் பற்றியது அது.

யார் இந்த சந்திரசேகர்?

1910 அக்டோபர் 19-ம் தேதி லாகூரில் பிறந்த தமிழர். அப்பா ரயில்வே கணக்குத் துறை அதிகாரி. நோபல் பரிசு பெற்ற சி.வி.ராமன் இவருக்குச் சித்தப்பா. படித்தது சென்னை திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியிலும் மாநிலக் கல்லூரியிலும்.

1930 ஜூலையில், 19 வயதில் இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறினார். அம்மா சீதாலட்சுமி அப்போது கடும் நோயில் இருந்தார். ஆனாலும் மகன் போகத்தான் வேண்டும் என்பதில் உறுதியாக இருந்தார். அடுத்த ஆண்டே அவர் இறந்துவிட்டார். மகன் அப்போது கேம்பிரிட்ஜில்.

அவையில் நேர்ந்த அவமானம்

1.4 கணக்கு அந்தக் கப்பல் பயணத்திலேயே உருவானது. 1935 ஜனவரி 11 அன்று லண்டனில், ராயல் வானியல் சங்கக் கூட்டத்தில் அதை விளக்கினார். அடுத்துப் பேசிய ஆர்தர் எடிங்டன், உலகப் புகழ்பெற்ற வானியலாளர், அதைக் கேலி செய்து நிராகரித்தார். 24 வயது இளைஞருக்கு ஆதரவாக வெளிப்படையாகப் பேச ஆளில்லை.

சந்திரசேகர் கணக்கை மாற்றவும் இல்லை, ஆராய்ச்சியை விடவும் இல்லை. 1937-ல் அமெரிக்காவின் யெர்க்ஸ் ஆய்வகத்தில் சேர்ந்தார். 1939-ல் நட்சத்திரங்களின் உள்ளமைப்பு பற்றிப் புத்தகம் எழுதினார்.

அந்த இன்னொரு எல்லை என்ன?

1942-ல் பிரேசில் விஞ்ஞானி மாரியோ ஷோன்பெர்க்குடன் சேர்ந்து ஒரு கேள்வியை எடுத்தார். நட்சத்திரத்தின் மையத்தில் ஹைட்ரஜன் தீர்ந்துபோனால் என்ன ஆகும்?

மையத்தில் ஹீலியம் மட்டும் மிஞ்சும். அதைச் சுற்றியுள்ள அடுக்கில் ஹைட்ரஜன் தொடர்ந்து எரியும். எரிய எரிய மையத்தில் ஹீலியம் சேர்ந்துகொண்டே போகும். மேலே உள்ள மொத்த எடையையும் அந்த மையம்தான் தாங்கணும். எவ்வளவு தூரம் தாங்கும்? நட்சத்திரத்தின் மொத்த நிறையில் சுமார் 10 சதவீதம் வரைதான் என்று இருவரும் காட்டினார்கள். இதுதான் ‘ஷோன்பெர்க்–சந்திரசேகர் எல்லை’.

அதைத் தாண்டினால் மையம் வேகமாகச் சுருங்கும், வெளிப்பகுதி உப்பும், மேற்பரப்பு குளிரும். முழுசா ‘சிவப்புப் பெருமீன்’ ஆவதற்கு முந்தைய இந்த இடைக்கட்டம்தான் ‘சப்ஜயன்ட்’. நிறை அதிகமுள்ள நட்சத்திரங்கள் இதை சட்டென்று கடந்துவிடும். அதனால்தான் அவை இந்த நிலையில் அரிதாகவே கண்ணில் படுகின்றன.

சூரியனுக்கும் இது வருமா?

வரும், ஆனால் சுமார் 500 கோடி ஆண்டுகள் கழித்து. சூரியன் போன்ற நட்சத்திரங்களில் மையம் சட்டென்று நொறுங்காது. நெருக்கப்பட்ட எலக்ட்ரான்களின் அழுத்தம் அதைத் தாங்கிப் பிடிக்கும். அதனால் இந்தக் கட்டம் நிதானமாக நகரும். கப்பலில் சந்திரசேகர் கையில் எடுத்ததும் இதே எலக்ட்ரான் அழுத்தத்தைத்தான்!

தாமதமாக வந்த பரிசு

1983-ல் நோபல் பரிசு கிடைத்தது. கப்பல் பயணம் முடிந்து 53 ஆண்டுகள் ஆகியிருந்தன. 1995 ஆகஸ்ட் 21-ல் சிகாகோவில் காலமானார். 1999-ல் நாசா ஏவிய எக்ஸ்ரே தொலைநோக்கிக்கு ‘சந்திரா’ என்றே பெயர்.

அவரது இரண்டு கணக்குகளுக்கும் உதாரணம் ஒரே இடத்தில் இருக்கு. அது சுமார் 11.5 ஒளியாண்டு தூரத்தில் உள்ள ‘புரோசியான்’. பிப்ரவரி, மார்ச் மாலைகளில் வெறும் கண்ணுக்கே பளிச்சென்று தெரியும். அது சப்ஜயன்ட் கட்டத்தின் வாசலில் நிற்பதாக வானியலாளர்கள் கருதுகிறார்கள். அதைச் சுற்றும் துணை, எரிந்து முடிந்த ஒரு வெண்குள்ளன்.