பம்பாயின் வரதா பாய்

ஹிரோஷிமாவில் குண்டு விழுந்த மறு ஆண்டு. அருகிலுள்ள குரே துறைமுகத்தில் கள்ளச்சந்தை கொழிக்கிறது. போர் முடிந்து வேலையற்றுத் திரும்பிய சிப்பாய்கள் கோஷ்டி சேர்ந்து வெட்டி மடிகிறார்கள். ஃபுகசாகு 1973இல் எடுத்த இந்த ஜப்பானியப் படத்தை நண்பனின் கைப்பேசியில் பார்த்தபோது என் தாத்தாவின் நினைவு வந்தது. வையம்பட்டியில் மழை பொய்த்த ஓர் ஆண்டில் ரயிலேறித் தாராவிக்குத் தோல் பதனிடப் போனவர் அவர். அவர் வாயால் நான் அதிகம் கேட்ட பெயர் வரதராஜ முதலியார்.

யார் இந்த முதலியார்? உலகப் போர் முடிந்த 1945 வாக்கில் பிழைப்புத் தேடிப் பம்பாய் சென்று, விக்டோரியா டெர்மினஸ் நிலையத்தில் மூட்டை தூக்கிய கூலி. பக்கத்திலிருந்த பிஸ்மில்லா ஷா பாபா தர்காவில் ஏழைகளுக்குச் சோறு போடுவதைப் பிற்காலம் வரை வழக்கமாகக் கொண்டிருந்தார். 1949இல் வந்த பம்பாய் மதுவிலக்குச் சட்டம் குடியை ஒழிக்கவில்லை, காய்ச்சியவர்களைச் சீமான்களாக்கியது! முதலியாரும் அப்படித்தான் உயர்ந்தார். தாராவி, சயான், கோலிவாடா என்று தமிழர் வாழ்ந்த சேரிகளெல்லாம் அவர் கைக்குள் வந்தன. அதே காலத்தில் நம் இராமநாதபுரம் சீமையின் ஹாஜி மஸ்தான் தங்கம் கடத்தினார். கரீம் லாலா பட்டாணியரின் தலைவர். ஜப்பானியரைப் போல இவர்கள் வெட்டிக்கொள்ளவில்லை. ஊரைப் பங்கு போட்டுக்கொண்டார்கள்.

1966இல் சிவசேனை தோன்றித் தென்னாட்டவருக்கு எதிராகக் கிளம்பியபோது, தமிழ்க் கூலிகளுக்கு அண்டி நிற்க ஓர் ஆள் தேவைப்பட்டது. மாதுங்கா நிலையத்தருகே அவர் ஆண்டுதோறும் நடத்திய பிள்ளையார் விழாவைத் தாத்தா சொல்லச் சொல்ல, எனக்கே அவர்மேல் ஒரு மயக்கம் இருந்தது.

அது தெளிந்தது வேதியியல் வகுப்பில். மெத்தனால் ஈரலில் ஃபார்மிக் அமிலமாக மாறிப் பார்வை நரம்பைக் கெடுக்கும் என்று பேராசிரியர் கரும்பலகையில் எழுதினார். தாத்தாவின் தம்பி தாராவியில் எவர் காய்ச்சியதோ ஒரு சாராயத்தைக் குடித்து, கண் தெரியாமல் ஊர் திரும்பி, எட்டு மாதத்தில் இறந்தவர். அவர் கண் போனதன் காரணம் எங்கள் வீட்டில் அன்றுவரை எவருக்கும் தெரியாது. வீட்டில் முதலில் கல்லூரி மிதித்த நான்தான் போய்ச் சொன்னேன். தாத்தா பதில் பேசவில்லை.

எண்பதுகளில் ஒய். சி. பவார் என்ற காவல்துறை அதிகாரி முதலியாரின் தொழிலை நொறுக்கினார். அவர் சென்னைக்கு ஓடி வந்தார். அவர் வாழ்வைத் தழுவிய 'நாயகன்' 1987இல் வெளிவந்தது. 1988 ஜனவரியில் மாரடைப்பால் இறந்தார். மஸ்தான்தான் உடலைத் தனி விமானத்தில் பம்பாய்க்குக் கொண்டு சென்றார். இறுதி ஊர்வலத்தில் திரண்ட ஏழைகளில் தாத்தாவும் ஒருவர்.

இன்றும் திண்ணையில் அந்தக் கதைகளைச் சொல்கிறார். சின்னப் பாட்டி எதிரே வந்து உட்கார்ந்தால் மட்டும் பம்பாய்ப் பேச்சை நிறுத்திவிடுவார்.