உப்பு இலாகா அதிகாரி மகன் உலகை நடுங்க வைத்தார்

கழுத்தில் இரும்பு முளை. நெற்றியில் தையல் தழும்பு. தள்ளாடி நடக்கும் பிணம். "பிராங்கன்ஸ்டீன்" படத்தில் அந்தப் பூதமாக வந்த போரிஸ் கார்லாப்புக்கு இந்திய வம்சாவளியும் உண்டு.

இயற்பெயர் வில்லியம் ஹென்றி பிராட். 1887 நவம்பர் 23-ந்தேதி லண்டனில் பிறந்தார். தந்தை ஆங்கிலோ-இந்தியர். இந்தியாவில் உப்பு வரி இலாகாவில் வேலை பார்த்தவர். தாயின் சித்தி அன்னா லியோனோவென்ஸ், சயாம் அரண்மனையில் ஆசிரியையாக இருந்து புகழ் பெற்றவர். மராட்டிய மாநிலம் அகமதுநகரில் 1831-ல் பிறந்த அந்த அம்மாள், வேல்சில் பிறந்ததாகவே கடைசிவரை சொல்லிக்கொண்டார்! பூர்வீகத்தை மறைப்பது அந்தக் குடும்பத்துக்குப் புதிதல்ல.

பிராட் மாநிறம். அண்ணன் ஒருவர் பிரிட்டிஷ் தூதரக அதிகாரி. தம்பியையும் அதே உத்தியோகத்துக்குப் படிக்க வைத்தார்கள். அவரோ படிப்பை விட்டு 1909-ல் கனடாவுக்குக் கப்பல் ஏறினார். பண்ணையில் கூலி வேலை செய்தார். மண் வெட்டினார். பிறகு நாடகக் கம்பெனியில் சேர்ந்து, பெயரை போரிஸ் கார்லாப் என்று மாற்றினார். கார்லாப் என்பது தாய்வழி முன்னோர் பெயர் என்றார். குடும்பத்தில் அப்படி ஒரு பெயர் இருந்ததாகச் சான்று இல்லை.

ஹாலிவுட் அவரது நிறத்தைப் பார்த்தது. 1921-ல் கிப்ளிங் கதைப்படம் ஒன்றில் அகமது கான். 1922-ல் உமர் கய்யாம் படத்தில் இமாம். பட வாய்ப்பு இல்லாத நாட்களில் லாரி வேலை. நிறம்தான் சோறு போட்டது. அது எங்கிருந்து வந்தது என்பதை மட்டும் வெளியில் சொல்ல முடியாது.

1931-ல் "பிராங்கன்ஸ்டீன்" வந்தபோது வயது 43. மேக்கப் போடவே 4 மணி நேரம் ஆனது. தொடக்க டைட்டிலில் பூதமாக நடித்தவர் பெயருக்குப் பதில் கேள்விக்குறிதான் இருந்தது. படம் ஓடிய ஓட்டத்தில் அவர் நட்சத்திரம் ஆனார்.

அடுத்த ஆண்டே எகிப்திய "மம்மி" வேடம். அதே ஆண்டில், வெள்ளையரை அழிக்கத் துடிக்கும் சீன வில்லன் பூ மான்சூ வேடம். ஒரு இனத்தையே பேயாகக் காட்டிய படம் அது. 1938 முதல் 1940 வரை 5 படங்களில் சீனத் துப்பறிவாளர் வோங்காகவும் நடித்தார். 6-வது படத்தில்தான் அந்த வேடம், சீனாவில் பிறந்த கீ லூக் என்ற நடிகருக்குக் கிடைத்தது.

விடிய விடிய வேலை வாங்கிய ஸ்டூடியோக்களை எதிர்த்து, 1933-ல் நடிகர் சங்கம் அமைத்தவர்களில் கார்லாப்பும் ஒருவர். 1969 பிப்ரவரி 2-ந்தேதி இங்கிலாந்தில் காலமானார்.