மன்னரைச் சேராத மனு

ஆஸ்திரேலியாவின் ஆதிகுடிகளில் யோர்ட்டா யோர்ட்டா இனத்தவர் வில்லியம் கூப்பர். ஆட்டு ரோமம் கத்தரித்துப் பிழைத்த கூலியாள், தொழிற்சங்க உறுப்பினர். முதல் உலகப் போரில் மன்னரின் படைக்குப் போனான் மகன் டேனியல். 1917-ல் பெல்ஜியத்தில் மடிந்தான்.

மகனைக் கொடுத்த தந்தைக்குக் கிடைத்தது என்ன? அரசு ஒதுக்கிய குடியிருப்பில் வாழும் ஆதிகுடிக்கு முதியோர் பென்ஷன் இல்லை! எழுபதைக் கடந்த கிழவர் 1933-ல் சொந்த மண்ணைவிட்டு மெல்போர்ன் நகரின் புட்ஸ்க்ரே பகுதிக்குக் குடிபெயர்ந்தார். பென்ஷன் வந்தது. ஓய்ந்திருந்தாரா? சங்கம் கண்டார், மனுவில் 1,814 பேரின் ஒப்பம் திரட்டினார். கேட்டதென்ன, ராஜ்யமா? இனம் அழியாமல் காப்பு, மனிதருக்குரிய வாழ்வு, பாராளுமன்றத்தில் ஒரு பிரதிநிதி. மன்னருக்கு அனுப்பக் கோரி 1937-ல் அரசிடம் தந்த அந்த மனுவை, 1938-ல் மந்திரி சபை அனுப்ப மறுத்தது.

அதே ஆண்டு ஜனவரி 26. வெள்ளையர் வந்திறங்கிய 150-ம் ஆண்டுக் கொண்டாட்டம் சிட்னியில். அங்கேயே ஆதிகுடிகள் துக்கநாள் கூட்டம் நடத்தினர். கூப்பருக்கும் அதில் பெரும் பங்குண்டு. டிசம்பர் 6-ல், யூதரை வதைக்கும் நாஜிகளைக் கண்டித்து, அவரது சங்கத்தார் மெல்போர்னிலிருந்த ஜெர்மன் தூதரகத்திற்கு நடந்தனர். நாடற்றவர்களாக்கப்பட்டவர்கள், கடலுக்கப்பால் வதைபட்டோருக்காக நடந்தனர்! அந்தத் தீர்மானத்தையும் தூதரகம் வாங்கவில்லை.

1941-ல் கூப்பர் மறைந்தார். ஆதிகுடிகளைத் தலைக்கணக்கில் சேர்க்காதே என்ற அரசியல் சட்டப் பிரிவு 1967-ல்தான் ஒழிந்தது.